'துன்பம் நேர்கையில்' யாருடைய பாட்டு? பாடியவர்கள் பேர் தெரியும்... எழுதிய புதுச்சேரிக்காரர் பாரதிதாசனின் கதை தெரியுமா?

'துன்பம் நேர்கையில்' பாட்டைக் கேட்காத தமிழர்கள் குறைவு. 1951-ல் ஒரு சினிமாவில் வந்தது. எழுபது வருஷம் தாண்டியும் கர்நாடக சங்கீதக் கச்சேரி மேடைகளில் பாடுறாங்க. பள்ளிக்கூட ஆண்டு விழாவில் பாடுறாங்க. கிட்டாரை வைத்துக்கொண்டு வீட்டு மொட்டை மாடியில் பாடி யூடியூபில் போடுறாங்க.

அந்த வீடியோக்களைத் திறந்து பாருங்க. பாடியவர் பேர் பெரிதாக இருக்கும். ராகத்தின் பேரும் இருக்கும். எழுதியவர் பேர்? பல நேரம் கீழே இறங்கித் தேட வேண்டியிருக்கும். சிலவற்றில் இருக்கவே இருக்காது.

எழுதியவர் பாரதிதாசன். புதுச்சேரியில் பிறந்து, பிரெஞ்சு அரசாங்கத்தில் 37 ஆண்டுகள் தமிழ் வாத்தியாராக வேலை பார்த்தவர். அவர் வாழ்க்கையே வேறொருவர் பாட்டைப் பாடியதில்தான் திசை மாறியது. பாட்டு யாருடையதோ அவர் பேரைத் தன் பேராகவே வைத்துக்கொண்டவர். அப்படிப்பட்டவர் எழுதிய பாட்டிலேயே அவர் பேர் எப்படி நழுவிப் போகிறது? பார்க்கலாம்.

'கவர்' என்றால் என்ன?

ஏற்கெனவே ஒருவர் பாடிப் பதிவு செய்த பாட்டை இன்னொருவர் தன் பாணியில் திரும்பப் பாடுவதுதான் 'கவர்'. இந்த வார்த்தை மேற்கத்திய இசை உலகில் இருந்து வந்தது.

அங்கே இதற்கு அடிக்கடி சொல்லப்படும் உதாரணம் 'ஹவுண்ட் டாக்'. ஜெர்ரி லீபர், மைக் ஸ்டோலர் என்ற இரண்டு இளைஞர்கள் எழுதியது. பிக் மாமா தார்ன்டன் என்ற கறுப்பினப் பாடகி 1952-ல் பதிவு செய்தார். 1953-ல் வெளியாகி, அமெரிக்காவின் ரிதம் அண்ட் ப்ளூஸ் பட்டியலில் ஏழு வாரம் முதலிடத்தில் இருந்தது. 1956-ல் எல்விஸ் பிரஸ்லி அதையே ராக் அண்ட் ரோலாகப் பாடினார். உலகமே ஆடியது. அதோடு அது எல்விஸ் பாட்டு என்றே பலர் மனதில் பதிந்துபோனது. முதலில் பாடியவரும், எழுதியவர்களும் பின்னால் போய்விட்டார்கள்.

நம்ம ஊரில் பாட்டு என்பது பெரும்பாலும் சினிமா வழியாக வருவது. அதனால் இங்கே கதை கொஞ்சம் வேறு. ஆனா கேள்வி ஒன்றுதான். ஒரு பாட்டைப் பலர் பாடும்போது, யார் பேர் நிலைக்கும்?

வாத்தியார் சுப்புரத்தினம்

1891 ஏப்ரல் 29. பிரெஞ்சுக்காரர்கள் ஆட்சியில் இருந்த புதுச்சேரியில், வியாபாரி கனகசபை முதலியாருக்கும் இலக்குமி அம்மாளுக்கும் மகனாகப் பிறந்தார் சுப்புரத்தினம். அப்பா பேரின் முதல் பாதியைச் சேர்த்து கனக சுப்புரத்தினம் ஆனார்.

புதுச்சேரித் தமிழ்ப் புலவர்களிடம் இலக்கணம், இலக்கியம் படித்தார். 18 வயதிலேயே, 1909-ல் காரைக்காலில் அரசுப் பள்ளி ஆசிரியர் வேலை கிடைத்தது. பாட்டு, நாடகம் இரண்டிலும் சின்ன வயதிலிருந்தே ஆர்வம். நண்பர்கள் கூடினால் இவரைப் பாடச் சொல்வார்கள். அந்தப் பழக்கம்தான் அவரை இன்னொரு கவிஞரிடம் கொண்டுபோய்ச் சேர்த்தது.

கல்யாண வீட்டில் பாடிய பாட்டு

1908-ல் ஆங்கில அரசின் கைதிலிருந்து தப்பிக்க சுப்பிரமணிய பாரதியார் புதுச்சேரிக்கு வந்தார். பிரெஞ்சு மண் என்பதால் ஆங்கிலேய போலீஸ் இங்கே நேரடியாகக் கை வைக்க முடியாது. அடுத்த பத்தாண்டுகள், 1918 வரை பாரதியாருக்கு புதுச்சேரிதான் வீடு.

அவர் பாட்டுகள் அச்சில் வந்து ஊரில் புழங்கின. சுப்புரத்தினத்துக்கும் அவை மனப்பாடம். ஆனா எழுதியவர் முகம் தெரியாது. தெருவில் அந்த மனிதரைப் பார்த்திருக்கிறார். ரவிவர்மா வரைந்த பரமசிவன் படம் மாதிரி இருக்கிறாரே என்று நினைத்ததாகப் பின்னாளில் எழுதியிருக்கிறார். அவர்தான் பாரதி என்று அப்போது தெரியவில்லை.

வேணு நாயக்கர் என்ற நண்பர் வீட்டுக் கல்யாணம். சாப்பாடு முடிந்ததும் சுப்புரத்தினத்தைப் பாடச் சொல்கிறார்கள். அவரும் பாரதியாரின் விடுதலைப் பாட்டு ஒன்றைப் பாடுகிறார். கூட்டத்தில் அதே 'ரவிவர்மா பரமசிவம்' உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருக்கிறார். பாடி முடித்த பிறகுதான், பாட்டை எழுதியவர் முன்னாலேயே பாடியிருக்கிறோம் என்பது சுப்புரத்தினத்துக்குத் தெரிகிறது. உணர்ந்து பாடுகிறாரே என்று பாரதியார் பாராட்டினார். வீட்டுக்கு வரச் சொன்னார்.

இன்றைய பாஷையில் சொன்னால், சுப்புரத்தினம் பாடியது ஒரு கவர். அதைக் கேட்டு ஒரிஜினல் ஆளே கதவைத் திறந்துவிட்டார்.

பேரிலேயே நன்றி

பாரதியார் வீட்டுக்குப் போக வர இருந்தார் சுப்புரத்தினம். ஒருநாள் நண்பர்கள் முன்னால் இவரும் கவிதை எழுதுவார் என்று சொல்லி, அங்கேயே ஒன்று எழுதச் சொன்னார் பாரதியார். சக்தியைப் பற்றி ஒரு பாட்டு பிறந்தது. பாரதியார் அதை 'சுதேசமித்திரன்' பத்திரிகைக்கு அனுப்பி வைத்தார். எழுதியவர் தன்னுடைய கவிதா மண்டலத்தைச் சேர்ந்தவர் என்று குறிப்பும் சேர்த்தார். பெரிய கவிஞர் ஒருவர் புதியவரின் பேரைத் தன் பேரோடு சேர்த்துப் போட்டு அறிமுகம் செய்தார்.

அந்தக் கணக்கை சுப்புரத்தினம் தன் வழியில் திருப்பித் தந்தார். பாரதிதாசன் என்று பேர் வைத்துக்கொண்டார். பாரதியின் தாசன். அரசாங்க வேலையில் இருந்துகொண்டே எழுதியவருக்குப் புனைபேர் தேவையாகவும் இருந்தது.

பின்னாளில் இந்தப் பேரே அவருக்குச் சங்கடமும் கொண்டுவந்தது. 1920-களின் கடைசியில் பெரியாரின் சுயமரியாதை இயக்கத்தில் சேர்ந்தார். முருகன் மேல் துதிப் பாட்டு எழுதியவர், கடவுள் மறுப்பும் சாதி எதிர்ப்பும் எழுத ஆரம்பித்தார். பிராமண எதிர்ப்பு பேசும் இயக்கத்தில் இருந்துகொண்டு பிராமணர் ஒருவருக்கு தாசன் என்று பேரா? இயக்கத்துக்குள்ளேயே கேட்டார்கள். அவர் மாற்றவில்லை. கொள்கை மாறியது, நன்றி மாறவில்லை. 1935-ல் தொடங்கிய கவிதை இதழுக்கும் பாரதியின் பேரையே வைத்தார்: 'ஸ்ரீ சுப்பிரமணிய பாரதி கவிதா மண்டலம்'.

வகுப்பறையும் சினிமா செட்டும்

1938-ல் அவருடைய கவிதைகள் முதன்முதலாகத் தொகுப்பாக வந்தன. குத்தூசி குருசாமியின் மனைவி குஞ்சிதம் அம்மையார் வெளியிட்டார். 'குடும்ப விளக்கு', 'பாண்டியன் பரிசு', 'அழகின் சிரிப்பு', 'இருண்ட வீடு' என்று பிறகு வரிசையாக வந்தன. பெண் கல்வி, விதவை மறுமணம், குடும்பக் கட்டுப்பாடு என்று அந்தக் காலத்தில் கவிதைக்குள் வராத விஷயங்களை எளிய தமிழில் கொண்டுவந்தார்.

சினிமாவையும் அவர் ஒதுக்கவில்லை. 1937-ல் 'பாலாமணி அல்லது பக்காத் திருடன்', 1940-ல் 'கவி காளமேகம்' என்று பாட்டும் வசனமும் எழுதினார். சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ் படங்களில் வேலை செய்தார். அவருடைய 'எதிர்பாராத முத்தம்' காவியம்தான் எல்லிஸ் ஆர். டங்கன் இயக்கிய 'பொன்முடி' படமாக 1950-ல் வந்தது.

1946 ஜூலை 29-ல் சென்னையில் நடந்த பெரிய விழாவில் அறிஞர் அண்ணா அவருக்கு 25,000 ரூபாய் நிதி வழங்கினார். புரட்சிக்கவி என்று பாராட்டினார். அதே ஆண்டில் ஆசிரியர் வேலையிலிருந்து ஓய்வு பெற்றார். ஐந்து வருஷம் கழித்து அண்ணாவின் கதையில்தான் அந்தப் பாட்டு வரப் போகிறது.

'துன்பம் நேர்கையில்' பிறந்த கதை

பாடுவதற்கென்றே பாரதிதாசன் எழுதிய பாட்டுகளின் தொகுப்பு 'இசையமுது'. ஏன் தனியாக ஒரு புத்தகம்? அன்றைய கச்சேரி மேடைகளில் தெலுங்குக் கீர்த்தனைகளும் சமஸ்கிருதப் பாட்டுகளும்தான் அதிகம். தமிழ்ப் பாட்டு கடைசியில் சின்ன உருப்படியாக வந்தால் பெரிய விஷயம். இதை மாற்ற வேண்டும் என்று 1940-களில் தமிழிசை இயக்கம் எழுந்தது. ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார் முயற்சியில் 1943-ல் சென்னையில் தமிழ் இசைச் சங்கம் தொடங்கியது. மேடையில் தமிழ் வேண்டும் என்றால், பாடத் தகுந்த புதுத் தமிழ்ப் பாட்டுகளும் வேண்டுமே?

அந்த இயக்கத்தின் முக்கியக் குரல் எம்.எம். தண்டபாணி தேசிகர். ஜெமினியின் 'நந்தனார்' படத்தில் (1942) நந்தனாராக நடித்துப் பாடியவர். பாரதிதாசனின் பாட்டை எடுத்து, தேஷ் ராகத்தில் மெட்டுப் போட்டவர் அவர்தான். தேஷ் வடக்கே இந்துஸ்தானி சங்கீதத்திலிருந்து வந்த ராகம். கேட்டதும் மனதுக்கு ஒரு ஆறுதல் தரும். வரிகளின் தேவையும் அதுதான்.

1951-ல் ஏவிஎம் தயாரித்த படம் 'ஓர் இரவு'. கதை, வசனம் அண்ணா. இயக்கம் ப. நீலகண்டன். இசை ஆர். சுதர்சனம். தேசிகரின் மெட்டையே சுதர்சனம் படத்தில் பயன்படுத்தினார். பாடியவர்கள் எம்.எஸ். ராஜேஸ்வரி, வி.ஜே. வர்மா. புத்தகத்திலும் மேடையிலும் இருந்த பாட்டு, தமிழ்நாடு முழுக்கப் போய்ச் சேர்ந்தது.

ஆக, சினிமாவில் நாம் கேட்பதே ஒரு வகையில் இரண்டாவது பிறவி. அதற்கு முன்பே கவிஞர் ஒருவர், மெட்டுப் போட்டவர் ஒருவர் இருக்கிறார்கள்.

காதல் பாட்டா? கடைசி அடியைக் கவனிங்க

இதைக் காதல் பாட்டு என்று நினைப்பவர்கள் நிறைய பேர். வாழ்க்கை கனக்கும்போது யாழ் மீட்டி ஆறுதல் தரச் சொல்லிக் கேட்கிறது ஒரு குரல். காதலியிடம்தான் கேட்கிறார்கள் என்று தோன்றும்.

ஆனா பாட்டின் கடைசிப் பகுதியைக் கூர்ந்து கேட்டால், பேசுவது பெற்றவர்கள் என்பது தெரியும். அகம், புறம் என்று புலவர்கள் வகுத்த நூல்களில் நீ திறமை காட்ட வேண்டும், எங்கள் செல்வமாக வேண்டும் என்று பிள்ளையிடம் கேட்கிறார்கள்.

ஆக இது இசையும் கல்வியும் சேர்த்துக் கேட்கும் பாட்டு. பெண் பிள்ளைக்குப் படிப்பு எதற்கு என்று ஊரே கேட்ட காலத்தில், பெண் கல்விக்காகப் பாட்டுப் பாட்டாக எழுதிய வாத்தியாரின் கைவண்ணம். எழுதியவர் யார் என்று தெரிந்தால்தான் இந்த அர்த்தம் பிடிபடும். பேர் போனால், பேரோடு அர்த்தத்தில் பாதியும் போய்விடுகிறது.

யார் யார் பாடினார்கள்?

'ஓர் இரவு' வந்த பிறகும் பாட்டு நிற்கவில்லை. கச்சேரிகளின் பிற்பகுதியில் வரும் துக்கடாவாக இன்றும் பாடப்படுகிறது. பாம்பே ஜெயஸ்ரீ, சஞ்சய் சுப்ரமண்யன் குரல்களில் இந்தத் தலைமுறை இதைக் கேட்டிருக்கிறது. ராஜேஸ்வரியின் குரலே தெரியாமல், கச்சேரி வழியாகவே இந்தப் பாட்டுக்கு வந்தவர்களும் உண்டு.

மற்ற பாட்டுகளும் இப்படியே வேறு வேறு கைகளுக்குப் போயின. 1965-ல் 'பஞ்சவர்ணக்கிளி' படத்தில் தமிழை அமுதென்று கொண்டாடும் பாட்டு பி. சுசீலாவின் குரலில் வந்தது. அதே ஆண்டு 'கலங்கரை விளக்கம்' படத்தில் 'சங்கே முழங்கு'. 1972-ல் 'நான் ஏன் பிறந்தேன்' படத்தில் 'சித்திரச் சோலைகளே'. இவை எல்லாமே அவர் மறைந்த பிறகு வந்தவை.

2016-ல் இன்னொரு ஆச்சரியம். கௌதம் மேனன் இயக்கிய 'அச்சம் என்பது மடமையடா' படத்துக்கு ஏ.ஆர். ரஹ்மான் 'அவளும் நானும்' கவிதைக்கு இசையமைத்தார். விஜய் யேசுதாஸ் பாடினார். கல்லூரிப் பசங்க ரிங்டோனாக வைத்துக்கொண்டாங்க. சினிமாவுக்கென்று புதிதாக எழுதிய வரிகள் என்றே பலர் நினைத்தார்கள். எழுதியவர் மறைந்து அப்போது 52 ஆண்டுகள் ஆகியிருந்தது.

முடியாமல் போன படம்

பிரெஞ்சு ஆட்சி 1954 நவம்பர் 1-ல் புதுச்சேரியை இந்தியாவிடம் ஒப்படைத்தது. சட்டப்படியான இணைப்பு 1962 ஆகஸ்ட் 16-ல் முடிந்தது. இரண்டையும் பாரதிதாசன் தன் ஊரில் பார்த்தார். 1950-களின் நடுவில் புதுச்சேரி மன்றத்துக்கு உறுப்பினராகவும் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

கடைசிக் காலத்தில் அவர் மனம் சினிமாவில்தான் இருந்தது. தன் 'பாண்டியன் பரிசு' காவியத்தைத் தானே படமாக எடுக்க நினைத்து சென்னைக்குக் குடிபோனார். அது நிறைவேறவில்லை. பாரதியாரின் வாழ்க்கையைப் படமாக்கவும் ஆசைப்பட்டார். வயதாகியும் குருவின் கதையைச் சொல்லும் வேலை அவரை விடவில்லை.

1964 ஏப்ரல் 21. சென்னை அரசு பொது மருத்துவமனையில் காலமானார். 73-வது பிறந்தநாளுக்கு எட்டு நாள்தான் பாக்கி. உடல் புதுச்சேரிக்குக் கொண்டுவரப்பட்டு, சொந்த மண்ணிலேயே இறுதிச் சடங்கு நடந்தது. ஐந்து ஆண்டுகள் கழித்து, 1969-க்கான சாகித்ய அகாடமி விருது அவருடைய 'பிசிராந்தையார்' நாடகத்துக்குக் கிடைத்தது.

இப்போது யார் வேண்டுமானாலும் பாடலாமா?

நிறைய பேருக்கு வரும் சந்தேகம் இது. சுருக்கமாகப் பார்க்கலாம்.

வரிகள்: பாரதிதாசனின் படைப்புகளைத் தமிழ்நாடு அரசு 1990-ல் நாட்டுடைமை ஆக்கியது. அது மட்டுமல்ல. இந்தியப் பதிப்புரிமைச் சட்டப்படி, எழுதியவர் இறந்த அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள் உரிமை இருக்கும். 1964-ல் மறைந்தவருக்கு அந்தக் கணக்கும் 2024 டிசம்பரோடு முடிந்தது. அவருடைய கவிதைக்குப் புதிதாக மெட்டுப் போட யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம்.

மெட்டு: இது தனிக் கணக்கு. வரிகள் பொதுச் சொத்து ஆனாலும், இசையமைத்தவரின் உரிமை அவர் மறைந்த ஆண்டிலிருந்து தனியாக எண்ணப்படும்.

ஒலிப்பதிவு: வெளியான அடுத்த ஆண்டிலிருந்து 60 ஆண்டுகள்.

கவர்: உரிமை நடப்பில் இருக்கும் பாட்டு என்றால் சட்டத்தின் 31சி பிரிவு பொருந்தும். முதல் பதிவு வந்து ஐந்து காலண்டர் ஆண்டுகள் முடிந்திருக்க வேண்டும். முன்கூட்டியே தகவல் கொடுத்து, ராயல்டி கட்ட வேண்டும். இது கவர்தான் என்று வெளியே தெரியும்படி எழுதவும் வேண்டும்.

பேர்: படைத்தவர் தன் படைப்புக்கு உரிமை கோரும் தார்மீக உரிமையைச் சட்டத்தின் 57-வது பிரிவு தனியாகச் சொல்கிறது. காசு சம்பந்தப்பட்ட உரிமையை விற்றுவிட்டாலும் இது போகாது. நாட்டுடைமை என்றால் பணம் கொடுக்க வேண்டாம் என்றுதான் அர்த்தம். பேரையும் விட்டுவிடலாம் என்று அர்த்தம் இல்லை.

புதுச்சேரியில் மட்டும் மறக்க முடியாது

தமிழ்நாட்டிலிருந்து புதுச்சேரிக்குப் போய் அரசு விழா ஒன்றில் உட்கார்ந்தால், முதலில் ஒரு வித்தியாசம் காதில் படும். இங்கே ஒலிப்பது மனோன்மணீயம் சுந்தரனாரின் தமிழ்த்தாய் வாழ்த்து இல்லை. புதுச்சேரி யூனியன் பிரதேசத்தின் தமிழ்த்தாய் வாழ்த்து பாரதிதாசன் எழுதியது.

பெருமாள் கோயில் தெருவில் அவர் வாழ்ந்த வீடு இன்று நினைவு இல்லம். அரசு மகளிர் கல்லூரி ஒன்று அவர் பேரில் இருக்கிறது. பெண் பிள்ளைகள் படிக்க வேண்டும் என்று எழுதியவருக்கு இதைவிடப் பொருத்தமான மரியாதை வேறு என்ன?

மற்ற ஊர்களில் அவர் பாட்டாகத்தான் சுற்றிக்கொண்டிருக்கிறார். பாடுங்க, தாராளமாகப் பாடுங்க. ஒரு கல்யாண வீட்டில் அடுத்தவர் பாட்டைப் பாடித்தான் அவரும் ஆரம்பித்தார். வீடியோவுக்குக் கீழே விவரம் எழுதும்போது மட்டும் இரண்டு வார்த்தை சேர்த்துக்கொள்ளுங்க: வரிகள், பாரதிதாசன்.